அழைக்கப்படாத பெயர்

ஒருவரை ஏற்பதற்காக மற்றொருவரை ஊரறிய விலக்கித்தான் ஆகவேண்டுமா? மேலோட்டமாகப் பார்ப்போருக்கு இக்கேள்வி சிறுபிள்ளைத்தனமாகத் தோன்றலாம். ஒன்றைத் தெரிந்தெடுத்தால் மற்றவை தாமே ஒதுங்கிவிடுகின்றன அல்லவா என்பர். துணிக்கடையில் ஒரு சேலையை எடுத்துக்கொண்டால் பிரித்துப் போட்ட மற்ற சேலைகள் மடிக்கப்பட்டு மீண்டும் அடுக்கில் போய் அமர்கின்றன. உண்மைதான். ஆனால், சேலைக்கு மனம் இல்லை.

மனமுள்ள மனிதர்களை அடுக்கி வைத்து, வாரந்தோறும் சிலரை எடுத்து வெளியே அனுப்பி, அனுப்பும் காட்சியையே பார்ப்போருக்கு விருந்தாகப் படைக்கும் ஒருவகைத் தொலைக்காட்சி நிகழ்ச்சி இன்று உலகெங்கும் நடைபெறுகின்றது. காதலைப் போட்டியாக்கி, துணை தேடுவதைப் பந்தயமாக்கிய நிகழ்ச்சி அது. அதில் நிகழும் வெளியேற்றத்தை, நம் வீட்டுப் பிள்ளைகளின் நாவில் 'எலிமினேஷன்' என்று வழங்குவதை, அறநோக்கில் ஆராய்வதே நம் எண்ணம். இத்தகைய நிகழ்ச்சிகளைக் கண்ணெடுத்துப் பார்ப்பதே தகாது என்று முகம் திருப்பிக்கொள்ளும் பெரியவர்கள் நம்மிடையே உண்டு. அவர்களோடு நமக்கு வழக்கில்லை. ஆயினும் அவர்கள் முகம் திருப்பிய அதே கூடத்தில், பேரப் பிள்ளையின் கைப்பேசியில் அது ஓடிக்கொண்டிருக்கிறது என்பதை மட்டும் சொல்லி மேற்செல்வோம்.

அமெரிக்காவின் ஏ.பி.சி. தொலைக்காட்சியில் 2002ஆம் ஆண்டு மார்ச் 25ஆம் நாள் 'தி பேச்சிலர்' என்னும் நிகழ்ச்சி தொடங்கிற்று. மணமாகாத ஆடவர் ஒருவர். அவரை நாடி வந்த மங்கையர் 25 பேர். ஒரு மாளிகை. முதல் இரவிலேயே 25 பேர் 15 பேராகக் குறைந்தனர். அடுத்தடுத்த வாரங்களில் அத்தொகை மேலும் மேலும் தேய்ந்து, இறுதியில் இருவர் நின்றனர். அவ்விருவரில் ஒருவர் எஞ்சினார். இந்தக் கணக்குக்குக் கருவியாய் அமைந்தது ஒரு ரோஜாப்பூ. ஆடவர் தட்டில் வைக்கப்பட்டுள்ள பூக்களை ஒவ்வொன்றாக எடுத்து, ஒவ்வொரு பெயராக அழைத்து, இதனை ஏற்றுக்கொள்வாயா என்று வினவுவார். பூப் பெற்றவர் தங்குவார். பூக்கள் தீர்ந்தபின் வெறுங்கையோடு நிற்பவர்கள் விடைபெற வேண்டும்.

இம்முறை நாளடைவில் பல கிளைகள் விட்டது. முதல் இரவிலேயே மனத்தைக் கவர்ந்தவருக்கு முன்கூட்டியே ஒரு பூ. பலர் சேர்ந்து செல்லும் உலாவில் ஒருவருக்கு மட்டும் ஒரு பூ. தனித்து அழைத்துச் செல்லப்படும் பெண்ணுக்கு முன்னே, இரவு உணவு மேசையின்மேல், ஒரே ஒரு பூ வைக்கப்பட்டிருக்கும். உணவு முடியுமுன் அது அவள் கைக்கு வந்தால் அவள் மாளிகைக்குத் திரும்பலாம். வராவிட்டால் அங்கிருந்தே ஊர் திரும்ப வேண்டும். எல்லாவற்றினும் கொடியது, இரு பெண்களை ஒருங்கே அழைத்துச் சென்று ஒருத்தியை மட்டும் திரும்பக் கொணரும் உலா. விட்டுச் செல்லப்பட்ட பெண் நிற்கும் இடத்தின் இயற்கை எழிலையும் சேர்த்தே படமெடுக்கிறார்கள். கருவி வைத்திருப்பவர்களுக்குக் கலையுணர்வு குறைவில்லை.

இந்தச் சடங்கின் அமைப்பில் ஒரு நுட்பம் உண்டு. விலக்கப்படுபவரிடம் 'நீ வேண்டாம்' என்று எவரும் சொல்வதில்லை. அவள் பெயர் அழைக்கப்படுவதில்லை, அவ்வளவே. வாயால் ஒருவரை மறுப்பதற்குச் சற்றேனும் துணிவு வேண்டும். முகத்தைப் பார்க்க வேண்டும். காரணம் கேட்டால் சொல்ல வேண்டும். இங்கு அந்தப் பாரம் முழுவதையும் பூக்களின் எண்ணிக்கை சுமந்துகொள்கிறது. கடைசிப் பூ எஞ்சியிருக்கையில் நிகழ்ச்சி நடத்துபவர் வந்து, இதுவே இன்றிரவின் இறுதி ரோஜா என்று அறிவித்துவிட்டுப் போகிறார். எண்ணத் தெரிந்த எவருக்கும் அது தெரிந்ததுதான். எனினும் அறிவிக்கிறார். அந்த ஒரு கணத்தை நீட்டுவதற்காகவே நிகழ்ச்சி முழுவதும் கட்டப்பட்டிருக்கிறது என்றால் மிகையாகாது. பின்னர், விலக்கப்பட்ட பெண் காரில் ஏறுகிறாள். காரினுள்ளும் படக்கருவி உண்டு. தன்னிடம் என்ன குறை என்று அவள் தனக்குள் கேட்டு விம்முவதைக் கோடிக்கணக்கானோர் காண்கின்றனர்.

இதில் எது தவறு என்று வரையறுப்பது நாம் நினைப்பதைவிடக் கடினம். ஏனெனில் மறுப்பது தவறன்று. எவரும் எவருக்கும் அன்பைக் கடனாகப் பட்டிருக்கவில்லை. மனம் ஒப்பாத ஒருவரை ஏற்றுக்கொள் என்று வற்புறுத்துவதே கொடுமை. நம் மார்க்கம் இதில் தெளிவாக இருக்கிறது. கன்ஸா பின்த் கிதாம் (ரலி) அவர்களை அவர்தம் தந்தை அவருடைய விருப்பத்திற்கு மாறாக மணமுடித்து வைத்தபோது, அவர் நபிகள் நாயகம் (ஸல்) அவர்களிடம் முறையிட, அம்மணம் ரத்துச் செய்யப்பட்டதை ஹதீஸ் நூல்கள் கூறுகின்றன. வேண்டாம் என்று சொல்லும் உரிமை இல்லாத இடத்தில், வேண்டும் என்ற சொல்லுக்கும் பொருளில்லை.

பரீரா (ரலி) அவர்களின் வரலாறு இன்னும் நுட்பமானது. அடிமைத்தளையினின்று விடுதலை பெற்ற அவருக்கு, தம் கணவர் முகீஸோடு வாழ்வதா பிரிவதா என்று தெரிந்துகொள்ளும் உரிமை கிடைத்தது. அவர் பிரிவைத் தெரிந்தார். முகீஸோ அவர்மீது கொண்ட அன்பு மாறாமல், மதீனத்துத் தெருக்களில் அவர் பின்னே அழுதுகொண்டே சென்றார்; கண்ணீர் தாடியை நனைத்தது. அதைக் கண்ணுற்ற நபிகள் நாயகம் (ஸல்), முகீஸ் கொண்ட அன்பையும் பரீரா கொண்ட வெறுப்பையும் எண்ணித் தம் சிறிய தந்தை அப்பாஸ் (ரலி) அவர்களிடம் வியந்து கூறினார்கள். பிறகு பரீராவிடம் அவருக்காகப் பேசினார்கள். இது கட்டளையா என்று பரீரா வினவினார். இல்லை, பரிந்துரைதான் என்று விடை வந்தது. அப்படியானால் எனக்கு அவர் தேவையில்லை என்றார் பரீரா. அத்துடன் முடிந்தது.

இந்நிகழ்ச்சியிலும் விலக்கப்பட்ட ஒருவர் இருக்கிறார். அவர் கண்ணீர் தெருவில்தான் வழிந்தது, ஊரார் கண்டனர். பகிரங்கம் என்ற ஒன்றே குற்றமென்றால் இதுவும் அதுவும் ஒன்றாகிவிடும். அவ்வாறன்று. மதீனத்துத் தெருவில் கண்டவர் உள்ளம் இளகிற்று; கண்டவர் அழுதவருக்காகப் பேசினார்; பேசியும், மறுத்தவளின் உரிமையில் கை வைக்கவில்லை. முகீஸின் கண்ணீர் எவருடைய பொழுதுபோக்குக்காகவும் வரவழைக்கப்பட்டதன்று. மாளிகையிலோ, கண்ணீர் வரும் என்பது முன்பே தெரியும். வருமாறு இரவு நீட்டப்படுகிறது. வந்தபின் அதைப் பிடிக்க விளக்கு பொருத்தப்பட்டிருக்கிறது. நேர்ந்த துன்பத்துக்கும் விளைவித்த துன்பத்துக்கும் இடையே உள்ள தூரம் இது.

தவணைக் கணக்கை அடுத்து நோக்குவோம். மெய்யாகவே துணை தேடும் ஒருவர், இந்த வாரம் மூவர், அடுத்த வாரம் இருவர் என்று மனத்தைக் கழித்துக்கொண்டு வருவதில்லை. சில நாள் எவரையும் விலக்கத் தோன்றாது. சில நாள் அனைவரையும் அனுப்பிவிடத் தோன்றும். நிகழ்ச்சியிலோ ஒளிபரப்பு அட்டவணை முந்தி வந்துவிடுகிறது. உள்ளம் பின்னால் ஓடிச்சென்று அதற்கு ஈடுகொடுக்க வேண்டியிருக்கிறது. நடத்துவோர் நெகிழ்வாகச் சில வேளை ஒரு பூவைக் கூட்டுவர், ஒரு சடங்கையே நீக்குவர். ஆயினும் வாரம் முடிந்தால் எவரேனும் போயாக வேண்டும் என்பது மாறாது. அப்படிப் போகிறவள் எதனால் போகிறாள்? ஆடவரின் மனத்தாலா, அட்டவணையாலா? அவளுக்கு அது ஒருபோதும் தெரியப் போவதில்லை.

ஓட்டப்பந்தயத்தில் தோற்றவனுக்குக் காரணம் தெரியும். கடிகாரம் சொல்லிவிடும். தேர்வில் தவறிய மாணவன் விடைத்தாளைத் திருப்பிப் பார்க்கலாம். அங்கெல்லாம் அளவுகோல் ஒன்று எல்லாருக்கும் பொதுவாக வெளியே நிற்கிறது. தோற்றவன் தோற்றது ஓட்டத்தில், கணக்குப் பாடத்தில். மறுபுறம், தனி வாழ்க்கையில் ஒருவர் நம்மை விரும்பாவிட்டால் அங்கு அளவுகோல் ஏதுமில்லை; ஆகவே தோல்வியும் இல்லை. ஒத்துவரவில்லை, அவ்வளவே. இந்நிகழ்ச்சி செய்யும் மாயம், இவ்விரண்டையும் கலந்துவிடுவது. அளவுகோல் இல்லாத இடத்தில் பந்தயத்தை நடத்துகிறது. ஒரு தனிமனிதரின் உள்ளச் சாய்வுக்குப் பந்தய முடிவின் கோலத்தை அணிவிக்கிறது. எனவே வெளியேறுபவள், நான் அவருக்குப் பொருந்தவில்லை என்று எண்ண மாட்டாள். நான் தோற்றுவிட்டேன் என்றே எண்ணுவாள். எதில் தோற்றாள்? பெண்ணாக இருப்பதில், ஒருவேளை, மனிதராக இருப்பதில். இதுவே இம்முறையின் ஆழ்ந்த அநீதி என்பது நம் துணிபு.

பிரெஞ்சுச் சிந்தனையாளர் ரூசோ, 1755இல் வெளிவந்த சமத்துவமின்மை பற்றிய தம் நூலில், மனிதர் ஒருவரையொருவர் உற்று நோக்கவும் தாம் நோக்கப்பட விரும்பவும் தொடங்கிய காலத்தைப் பற்றிப் பேசுகிறார். குடிசைகளின் முன்னே கூடி ஆடிப் பாடியபோது, நன்றாக ஆடியவனும் அழகாயிருந்தவனும் மதிப்புப் பெற்றனர். சமத்துவமின்மையின் முதற்படி அங்கே வைக்கப்பட்டது என்பது அவர் கருத்து. பெருமையும் இகழ்ச்சியும் ஒருபுறம், வெட்கமும் பொறாமையும் மறுபுறம் அங்குதான் பிறந்தன என்கிறார். அவருடைய ஆதி மனிதர் எந்த நாட்டில் எப்போது வாழ்ந்தனர் என்று நாம் கேட்க வேண்டியதில்லை. அவர் வருணித்த கூட்டத்தைச் சுவரெழுப்பி, விளக்கேற்றி, விளம்பரதாரர் சேர்த்து, 21ஆம் நூற்றாண்டில் கட்டியிருக்கிறார்கள்.

இங்கிலாந்தில் 2015ஆம் ஆண்டு முதல் நடைபெற்றுவரும் 'லவ் ஐலேண்ட்' இன்னும் ஒரு படி மேலே சென்றது. அங்கு தெரிவு செய்யும் தனி ஒருவர் இல்லை. ஆணும் பெண்ணும் இணை இணையாகச் சேர வேண்டும். குறித்த நாளில் இணை கலைந்து மறு இணை கூட வேண்டும். ஓர் ஆணோ பெண்ணோ மிகையாக இருக்குமாறு முன்னரே ஆட்களைப் புகுத்திவிடுவதால், எவரேனும் துணையின்றி நிற்பது உறுதி. பள்ளிப் பிள்ளைகள் ஆடும் நாற்காலி ஓட்டம்தான். நாற்காலிக்குப் பதில் மனிதர். இதன் மேல் பொதுமக்கள் வாக்கும் உண்டு. வெற்றி பெறும் இணைக்கு 50,000 பவுன் பரிசு. தொடக்க ஆண்டுகளில் இறுதி இரவன்று அவ்விணையில் ஒருவர் கையில் பணம் குறித்த உறை கிடைக்கும். துணைக்குப் பங்கு தரலாம், தானே வைத்துக்கொள்ளலாம். அன்பை நிரூபிக்க அதைக் காட்டிலும் கேவலமான சோதனையை நாம் அறியோம்.

அந்நிகழ்ச்சியில் முன்பு பங்கேற்ற இருவர் 2018லும் 2019லும் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டனர். ஒரு மனிதரின் முடிவுக்கு ஒரே காரணத்தைச் சுட்டுவது அறிவுடைமையாகாது, நாமும் சுட்டவில்லை. ஆயினும் பங்கேற்போரின் மனநலத்துக்குப் பொறுப்பு யார் என்ற வினா அந்நாட்டில் பலமாக எழுந்தது. 2019இல் நாடாளுமன்றக் குழு ஒன்று இத்தகைய நிகழ்ச்சிகளைப் பற்றிய விசாரணையைத் தொடங்கிற்று. ஒளிபரப்பைக் கண்காணிக்கும் ஆஃப்காம் அமைப்பு, பங்கேற்போரின் நலனைப் பேண வேண்டும் என்னும் புதிய விதிகளை 2021 ஏப்ரலில் நடைமுறைக்குக் கொண்டுவந்தது. பூச்சடங்கு ஒரு விளையாட்டு மட்டுமே என்று வாதிட்டவர்களுக்கு அரசுச் சட்டமே மறுமொழி கூறிவிட்டது.

விரும்பித்தானே வந்தார்கள் என்பார் உண்டு. எளிதில் தள்ளத்தக்க வாதம் அன்று. வந்தவர்கள் வயது வந்தவர்கள், ஒப்பந்தத்தில் கையொப்பமிட்டவர்கள், பலர் புகழையும் அதனால் வரும் பிழைப்பையும் எண்ணியே வருகிறார்கள். அப்படி வருபவரை ஏமாந்த பேதைகள் என்று நாம் இரங்குவதும் ஒருவகை அவமதிப்பே. ஆனால் ஒப்புதல் என்பது ஒப்புக்கொள்ளும் பொருளை அறிந்திருப்பதைப் பொறுத்தது. ஊரார் முன் விலக்கப்படுவது எப்படியிருக்கும் என்பதை விலக்கப்படுமுன் எவர் அறிவார்? அன்றியும், தன் முகம் எவ்வாறு வெட்டி ஒட்டப்படும், எவருடைய கதையில் தான் பொல்லாதவளாவாள் என்பதும் அவளுக்குத் தெரியாது. அந்நிகழ்ச்சியில் பணியாற்றிய ஒரு பெண்மணியே பின்னர் 2015இல் 'அன்ரியல்' என்னும் நாடகத் தொடரை உருவாக்கி, திரைக்குப் பின்னால் மனிதர்கள் எவ்வாறு ஆட்டுவிக்கப்படக்கூடும் என்பதைக் கற்பனைக் கதையாக்கிக் காட்டினார். மனிதனை வெறும் கருவியாக மட்டும் நடத்தாதே என்று ஜெர்மானிய தத்துவஞானி கான்ட் 1785இல் வகுத்த நெறிக்கு, கருவியாக இருக்கக் கையொப்பமிட்டவன் விதிவிலக்கல்லன். தன்னைக் கருவியாக்கிக்கொள்ளும் உரிமையையும் கான்ட் எவருக்கும் வழங்கவில்லை.

வாசலிலேயே நடந்த வெளியேற்றமும் ஒன்று உண்டு. அதற்கு ரோஜாவும் தேவைப்படவில்லை. பத்தாண்டுகளாகத் தெரிவு செய்யும் இடத்தில் ஒரு கறுப்பினத்தவர்கூட அமர்த்தப்படவில்லை என்று 2012இல் கறுப்பின ஆடவர் இருவர் வழக்குத் தொடுத்தனர். நடிகரைத் தெரிவு செய்வது படைப்போரின் கருத்துரிமையைச் சார்ந்தது என்று கூறி நீதிமன்றம் அவ்வழக்கைத் தள்ளுபடி செய்தது. பெண் தெரிவு செய்யும் இணை நிகழ்ச்சியில் 2017இலும், மூல நிகழ்ச்சியில் 2021இலும்தான் முதன்முறையாகக் கறுப்பினத்தவர் அவ்விடத்துக்கு வந்தனர்.

இனி ஒரு விசித்திரம். முதல் ஆண்டில் இறுதிவரை வந்து விலக்கப்பட்ட டிரிஸ்டா ரென் என்பவரே, 2003இல் தொடங்கிய அந்த இணை நிகழ்ச்சியில் தெரிவு செய்பவரானார். அவர் தெரிவு செய்த ரையன் சட்டரை அவ்வாண்டு டிசம்பரில் மணந்தார், அம்மணம் நிலைத்திருக்கிறது. அவரை விலக்கிய ஆடவர் ஏற்றுக்கொண்ட உறவோ ஓராண்டும் நீடிக்கவில்லை. இதனைச் சொல்லி, பாருங்கள், விலக்கப்பட்டவளுக்கும் நன்மையே விளைந்தது என்பர். நன்மை விளைந்ததில் நமக்கு மகிழ்ச்சியே. ஆனால் இதில் வேறொன்றும் வெளிப்படுகிறது. நேற்று அழுது காரில் ஏறியவரே நாளைய பூத்தட்டின் சொந்தக்காரர் ஆவது அதன்பின் வழக்கமாகவே ஆகிவிட்டது. தோற்றவர்களே இந்த ஆலையின் மூலப்பொருள். காயம்பட்டவர் கையிலேயே கத்தியைக் கொடுத்து, உன் முறை வந்துவிட்டது என்கிறார்கள்.

2007ஆம் ஆண்டு பிராட் வோமாக் என்பவர் இறுதி இரவில் எஞ்சிய இரு பெண்களையும் ஏற்கவில்லை. நாடே அவர்மீது சினங்கொண்டது. அதற்கு முன் இருபதுக்கு மேற்பட்ட பெண்களை அவர் வெளியே அனுப்பியபோது எவரும் சினங்கொள்ளவில்லை என்பதைக் கருதுக. ஒருத்தியை ஏற்பதற்காகப் பலரை விலக்கினால் அது காதல். எவரையும் ஏற்காமல் அனைவரையும் விலக்கினால் துரோகம்! உள்ளத்தில் இல்லாததை இருப்பதாகச் சொல்ல மறுத்த அவர் செயல் அந்த நிகழ்ச்சியில் நேர்ந்த நேர்மைகளுள் ஒன்று என்றே நாம் எண்ணுகிறோம். அந்த நேர்மை ஏன் அத்தனை வாரம் தாமதித்தது என்பது வேறு வினா. 2018இல் கலர்ஸ் தமிழ் தொலைக்காட்சி இதே அச்சில் 'எங்க வீட்டு மாப்பிள்ளை' என்னும் நிகழ்ச்சியை நடத்தியது. நடிகர் ஆர்யாவுக்குத் துணை தேட 16 பெண்கள் வந்தனர். இறுதியில் மூவர் எஞ்சியபோது, ஒருவரைத் தெரிவு செய்தால் மற்ற இருவரும் அவர்தம் குடும்பத்தாரும் வருந்துவரே என்று காரணம் கூறி, எவரையும் தெரிவு செய்யாமலே நிகழ்ச்சியை முடித்தார். முன்னர் அனுப்பப்பட்ட 13 பேரின் குடும்பத்தாருக்கும் இதே மனம் இருந்திருக்குமே என்ற நினைவு அவருக்கு எழுந்ததோ என்னவோ, நாம் அறியோம்.

தமிழ்நாட்டு வீடுகளில் அந்நிகழ்ச்சியைக் கடிந்து பேசியவர் பலர். அவர்களிடம் ஒன்று கேட்கலாம். பெண் பார்க்கச் சென்று, பலகாரம் உண்டு, தேநீர் அருந்தி, கலந்துகொண்டு சொல்லியனுப்புகிறோம் என்று எழுந்து வந்த வீடுகள் எத்தனை? சொல்லியனுப்பியவை எத்தனை? பெண்ணைப் பெற்றவர் ஒரு வாரம் பார்ப்பார், தரகரிடம் விசாரிப்பார், பிறகு வேறோர் இடத்தில் நிச்சயமாகிவிட்டது என்று எவர் வாயிலாகவோ செவிப்படும். அங்கும் வேண்டாம் என்று எவரும் சொல்லவில்லை. பெயர் அழைக்கப்படவில்லை, அவ்வளவே. கருவியில்லை, விளக்கில்லை என்பது உண்மை. மூடிய அறைக்குள் தன்னிடம் என்ன குறை என்று கேட்டுக்கொள்ளும் பெண் மட்டும் இருக்கிறாள். ஒருவர் பெண் பேசியிருக்கும் இடத்தில், அவர் விலகும் வரையோ இசைவு தரும் வரையோ மற்றவர் பெண் பேசலாகாது என்னும் நபிமொழியை நம்மில் பலர் அறிவர். பலரை ஒரே அடுக்கில் நிறுத்திப் போட்டியிடச் செய்வதை அந்நெறி வேரிலேயே தடுக்கிறது. ஒரே மாதத்தில் ஆறு வீட்டுப் புகைப்படங்களை மேசைமேல் பரப்பி வைத்துக்கொண்டு ஆறு வீட்டாரையும் காத்திருக்கச் செய்வோர், அந்த நபிமொழியின் எழுத்தை மீறவில்லை என்று வாதிடலாம். அதன் உள்ளக்கிடக்கையைப் பற்றி அவர்கள் வாதிட மாட்டார்கள் என்று நம்புகிறோம்.

இத்தனை விலக்கலும் மெய்யான துணையைக் கண்டெடுத்துத் தந்ததா என்றால், அதுவும் பெரும்பாலும் இல்லை. 2009இலும் 2018இலும் தெரிவு செய்யப்பட்ட பெண்ணையே, ஒளிபரப்பு முடிவதற்குள் கருவிகளின் முன்னிலையிலேயே கைவிட்டு, முன்னர் விலக்கிய பெண்ணிடம் திரும்பிச் சென்றனர் இரு ஆடவர்கள். 2018இல் அந்தக் கைவிடும் காட்சியை வெட்டாமல் முழுவதுமாகக் காட்டினார்கள். வென்றவளுக்கும் வெளியேற்றம் வாய்த்தது. 2023இல் முதியோருக்கென ஒரு நிகழ்ச்சி வந்தது. மனைவியை இழந்த 72 வயதுப் பெரியவர் ஒருவர். 60 முதல் 75 வயது வரையிலான பெண்கள் 22 பேர். பேரப்பிள்ளைகளைக் கண்டவர்களும் கணவரை மண்ணில் வைத்துவிட்டு வந்தவர்களும் அவர்களுள் இருந்தனர். அவர்களும் வரிசையில் நின்றார்கள். அவர்களுக்கும் பூக்கள் எண்ணித்தான் வைக்கப்பட்டன. இறுதியில் தெரிவு செய்யப்பட்ட பெண்மணியை 2024 ஜனவரியில் அப்பெரியவர் தொலைக்காட்சியிலேயே மணந்தார். ஏப்ரலில் இருவரும் பிரிவதாக அறிவித்தனர்.